பாதிக் கூடாரம்

அமெரிக்க நாடு இரண்டாகப் பிளந்து, வடக்கும் தெற்கும் ஒன்றையொன்று குத்திக் கிழித்துக்கொண்டிருந்த அந்தக் கொடிய நாளில், வெர்மான்ட் மாநிலத்தின் வீரப் புதல்வர்கள் தாய்மண்ணின் குரல் காதில் விழுந்த மாத்திரத்தில் ஏரையும் ஆட்டு மந்தையையும் அப்படி அப்படியே போட்டுவிட்டு, நெஞ்சை நிமிர்த்தி எழுந்து நின்றார்கள். ஹார்லோ ஊர்த் தேவாலயத்தின் சுவரில் இப்படித்தான் கல்லில் வெட்டி வைக்கப்போவதாகப் பேச்சு.

லைமன் பெக் எழுந்து நின்றது உண்மை. பக்கத்தில் உட்கார்ந்திருந்த அம்மாள் அழுகிற பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வெளியே போக வழி கேட்டாள். அதற்காக எழுந்தான்.

அந்த நேரம் பார்த்து, மேடையில் இருந்த தேவாலய மூப்பர் டீக்கன் கோல்பர்ன் "நம் ஊரிலிருந்து முதல் வீரன் யார்?" என்று கேட்டு முடித்திருந்தார். தேவாலயமே அதிரக் கைதட்டியது. யாரோ ஓர் அம்மாள் விசும்பினாள். தட்டல் ஓய்ந்ததும் மெல்ல உட்கார்ந்துவிடலாம் என்று லைமன் திரும்பிப் பார்த்தான். அவன் இடத்தில் பின்வரிசைக்காரர் தன் தொப்பியை வைத்துவிட்டிருந்தார். தொப்பியை எடுக்கச் சொல்லும் தைரியம் அவனுக்கு இல்லை. போருக்குப் போவது அதைவிடச் சுலபமாகப் பட்டது.

ஹார்லோவிலிருந்து கிளம்பிய படைப்பிரிவில், அதாவது கம்பெனியில், எல்லாரும் எல்லாருக்கும் ஏதோ ஒரு வகையில் சொந்தம். மச்சான், மாமன், சித்தப்பா மகன், அத்தை பேரன். லைமன் மட்டும் கோல்பர்ன் பண்ணையில் மாடு பார்த்த கூலியாள். மலைக்கு அந்தப் பக்கத்தவன். அந்தப் பக்கம் என்றால் எட்டு மைல். ஹார்லோக்காரர்களுக்கு அது சீனாவுக்கும் சற்றுத் தள்ளி. ஊரை விட்டுப் புறப்பட்ட அன்று ரயிலடியில் ஒவ்வொரு பயலையும் நான்கு பேர் கட்டிக்கொண்டு அழுதார்கள். லைமனுக்கென்று யாரும் வரவில்லை. மாதர் சங்கத் தலைவி மட்டும் வரிசையில் எல்லாருக்கும் கொடுத்ததுபோல அவனுக்கும் ஒரு வெள்ளைத் துணியைக் கொடுத்து, "பத்திரமாத் திரும்பி வாப்பா" என்றாள். தெற்கத்தி வெயில் பிடரியில் படாமலிருக்கத் தொப்பிக்குப் பின்னால் தொங்கவிடும் துணி அது. மூன்று மாதம் இராப்பகலாகத் தைத்ததாம் சங்கம். முகாமுக்குப் போன மறுவாரமே கம்பெனி மொத்தமும் அதில் காபி வடிகட்ட ஆரம்பித்துவிட்டது. துணி நல்ல துணி, குறை சொல்வதற்கில்லை.

சண்டை வருவதற்கு முன் அம்மை வந்தது. மலைப் பண்ணைகளில் ஒண்டியாக, அம்மையே பார்க்காமல் வளர்ந்த பையன்கள். ஒருவனுக்கு வந்தால் ஒன்பது பேருக்கு வந்தது. லைமனோடு ஒரே கூடாரத்தில் படுத்த ஏமஸ் அதில் போனான். அடுத்து அவனோடு படுத்த ஜட்சன் குடல் காய்ச்சலில் போனான். எதிரி எந்த நிறத்தில் சட்டை போட்டிருப்பான் என்பதைக்கூட இரண்டு பேரும் பார்க்கவில்லை. லைமனுக்கு மட்டும் ஒரு தும்மல்கூட வரவில்லை. அதுதான் வினையாகப் போனது.

கூடாரத்தைப் பற்றி இங்கே சொல்லியாக வேண்டும். அரசாங்கம் ஒரு சிப்பாய்க்குக் கொடுத்தது பாதிக் கூடாரம்தான். முதுகில் சுருட்டிக் கட்டிக்கொள்ள ஒரு துண்டுத் துணி. ஒரு விளிம்பில் வரிசையாகப் பொத்தான்களும் துளைகளும். இரண்டு பேர் தங்கள் பாதிகளை ஒன்றோடொன்று மாட்டி, நடுவில் கம்பு நட்டால் அது கூடாரம். ஒற்றை ஆள் கையில் அது கூடாரமும் இல்லை, போர்வையும் இல்லை. எந்த அறிவாளி கண்டுபிடித்தானோ, மனிதனுக்கு ஜோடி கட்டாயம் என்பதை வேதத்துக்கு அடுத்தபடியாகச் சொன்னவன் அவன்தான்.

குளிர்காலம் முழுக்கத் தெற்கே வர்ஜீனியாவில் மரக்கட்டைகளை அடுக்கிக் கட்டிய குடிசைகளில் கிடந்தார்கள். குடிசைக்கு ஆறு பேர். லைமனுக்குக் கதவோரம். காற்று முதலில் அவனைத் தொட்டுவிட்டுத்தான் மற்றவர்களிடம் போகும். ஆனாலும் அங்கே ஐந்து பேரின் குறட்டை இருந்தது. வசந்தம் வந்து, பனி கரைந்து, சேறு கொஞ்சம் இறுகியதும், படை கிளம்பப்போகிறது என்ற பேச்சு வந்தது. குடிசையை விட்டால் கூடாரம். கூடாரமென்றால் ஜோடி. தோட்டாவை நினைத்துக்கூட லைமன் இவ்வளவு பயந்ததில்லை.

முதலில் குடிசைத் தோழன் ஓரினிடம் போனான். கம்பெனிக்கே வாய் அவன்தான்.

"ஓரின், கூடாரத்துக்கு உனக்கு ஜோடி யாரு?"

"என் மச்சான் பென். ஏன்?"

"சும்மாதான் கேட்டேன்."

"சும்மா கேக்கிற மூஞ்சியா இது? இந்தா பாரு லைமன், உம்மேல எனக்கு ஒரு கோவமும் கிடையாது. ஆனா உன் பக்கத்துல படுத்த ரெண்டு பேரும் இப்ப எங்க? மண்ணுக்குள்ள. எனக்கு எதிரி துப்பாக்கியே போதும்பா."

"அது அம்மை. நானா குடுத்தேன்?"

"நீ குடுக்கல. உனக்கு வரலையே! அதான்டா பயமே."

லைமனும் நோய் வந்து செத்திருந்தால் நாலு பேர் நல்லவன் என்றிருப்பார்கள்.

அந்தச் சமயத்தில்தான் தேர்தல் வந்தது. கம்பெனியின் இரண்டாம் லெஃப்டினன்ட், பீரங்கிச் சத்தம் தன் காதுக்கு ஒத்துவராது என்று ராஜினாமா எழுதிக் கொடுத்துவிட்டு ஊருக்குப் போய்விட்டார். அதுவரை அவர் பக்கத்தில் எந்தப் பீரங்கியும் வெடித்திருக்கவில்லை. வருமுன் காப்போன்.

வெர்மான்ட்காரர்களுக்கு வாக்கெடுப்பு என்றால் உயிர். மார்ச் மாதம் ஊர்ச்சபை கூடினால் பள்ளத்துக்கு மண் கொட்டுவதிலிருந்து, தெருவில் திரியும் பன்றியைப் பிடிக்கும் ஆள் யார் என்பதுவரை சீட்டெழுதிப் போட்டுத்தான் முடிவாகும். போருக்கு வந்தபோது துப்பாக்கியை அரசாங்கம் கொடுத்தது. இந்த வழக்கத்தை அவர்களே கொண்டுவந்தார்கள். அதிகாரிகளையும் சிப்பாய்களே தேர்ந்தெடுத்தார்கள். டீக்கன் கோல்பர்ன் அப்படித்தான் கேப்டன் ஆனார். கணீரென்ற குரலும் சொந்தக் குதிரையும் இருந்தன, வேறென்ன வேண்டும்? பீன்ஸை வேகவைப்பதா சுடுவதா என்றுகூட ஒருமுறை வாக்கெடுத்தார்கள். முடிவு வருவதற்குள் பீன்ஸ் கருகிவிட்டது.

இதில் எழுதாத சட்டம் ஒன்று உண்டு. போட்டியில் நிற்கிறவன் தனக்குத் தானே வாக்குப் போட்டுக்கொள்ளக் கூடாது. அது தன் கல்லறையில் தானே புகழுரை செதுக்கிக்கொள்வதற்குச் சமம். செய்தவனை ஹார்லோவில் மூன்று தலைமுறைக்குச் சொல்லிக் காட்டுவார்கள்.

போட்டியில் நின்றவர்கள் இரண்டு பேர். ஒருவன் கொல்லன் ஹைரம் டட்டன். பேச மாட்டான், குதிரையைத் தூக்கிவிடுவான். மற்றவன் ரூஃபஸ் வீலாக். ஊர்க் கம்பளி ஆலை முதலாளியின் மகன், கேப்டனுக்குத் தங்கை பிள்ளை. இருபத்திரண்டு வயது, ஒரு வருஷம் கல்லூரி, முளைக்கலாமா வேண்டாமா என்று யோசிக்கும் மீசை. தேர்தலுக்கு முந்தின வாரம் அவன் அப்பா இரண்டு பீப்பாய் மேப்பிள் மரச்சாற்று வெல்லமும் வண்டிச் சக்கரம்போல எட்டு சீஸ் கட்டிகளும் அனுப்பியிருந்தார். "தேர்தலுக்கும் இதுக்கும் சம்பந்தமில்லை" என்று பீப்பாய் மேலேயே எழுதியிருந்தது.

"தோழர்களே, எனக்குப் பதவி ஆசை அறவே கிடையாது" என்று ரூஃபஸ் பேசினான். அன்று காலையிலேயே தன் பாதிக் கூடாரத்தைச் சமையல்காரனிடம் கொடுத்துவிட்டிருந்தான். அதிகாரிகளுக்குப் பெரிய கூடாரம், அது வண்டியில் வரும். இந்தக் கந்தலை எதற்குச் சுமப்பது? சமையல்காரன் அதை நாலாகக் கிழித்து உப்புக்கண்டம் கட்டிவிட்டான்.

எல்லாரும் சீட்டெழுதிக் காபிச் சட்டியில் போட்டார்கள். கேப்டன் தேவாலயக் குரலில் முடிவை வாசித்தார்.

"ஹைரம் டட்டன், முப்பத்தொன்று. ரூஃபஸ் வீலாக்..." இங்கே தொண்டையைச் செருமினார். "முப்பது. லைமன் பெக், ஒன்று."

கூட்டம் திரும்பித் திரும்பிப் பார்த்தது.

"பெக்கா? எந்தப் பெக்கு?" என்றான் யாரோ.

"நம்ம கதவோரப் பெக்குடா!"

சிரிப்பு வெடித்தது. டட்டன் ஜெயித்ததையே மறந்துவிட்டார்கள். ஓரின் எழுந்து தொப்பியைக் கழற்றி லைமனுக்குக் கும்பிடு போட்டான். "லெஃப்டினன்ட் ஐயா, உண்மையச் சொல்லுங்க. சீட்ட நீங்களே எழுதிக்கிட்டீங்களா?"

"சத்தியமா இல்ல! நான் டட்டனுக்குப் போட்டேன். பைபிள் மேல அடிச்சுச் சொல்றேன்!"

"பைபிள் பாவம், அதை விடு!"

காது மடல் சிவக்க லைமன் வெளியே வந்தான். சேற்றில் நின்றான். அவமானமாகத்தான் இருந்தது. ஆனால் அதற்கு அடியில் வேறு என்னவோ, குளிரில் கைக்குள் பிடித்த சூடான உருளைக்கிழங்குபோல இருந்தது. கம்பெனியில் யாரோ ஒருவன் பென்சிலை எடுத்து, அவனை நினைத்து, அவன் பேரை முழுசாக எழுதியிருக்கிறான். அவன் யார்? அவனைக் கண்டுபிடித்துவிட்டால் ஜோடி கிடைத்துவிடும். இதில் லைமனுக்குச் சந்தேகமே இல்லை.

தன் பங்கு மேப்பிள் வெல்லத்தைக் காகிதத்தில் மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டு தேடப் புறப்பட்டான். அதுதான் தப்பு. வெல்லம் கைமாறுகிறது என்ற சேதி லைமனுக்கு முன்னால் ஓடியது.

"நான்தான் போட்டேன், லைமன்" என்றான் முதல் குடிசையில் ஒருவன். ஒரு துண்டு போனது.

"என்கிட்ட கேக்காம அவனுக்கு ஏன் குடுத்த? போட்டவன் நானு!" என்றான் அடுத்தவன். "மனசுல பட்டுச்சு, எழுதினேன். மனசுக்குக் கணக்கு உண்டா?"

பொழுது சாய்வதற்குள் அந்த ஒற்றை வாக்கைப் போட்டவர்கள் நாலு பேர் ஆகிவிட்டார்கள். கடைசி ஆளாக ஓரின், வாயைத் துடைத்தபடி.

"அப்ப நீ என்கூடக் கூடாரம் போட்டுக்குவியா?" என்று லைமன் கேட்டான்.

"ஓட்டுப் போட்டா கூடப் படுக்கணும்னு எந்தச் சட்டத்துல இருக்கு? அப்படிப் பாத்தா ஜனாதிபதிக்கு வீடே பத்தாதேடா!"

காகிதத்தில் ஒட்டியிருந்ததை லைமன் நக்கிப் பார்த்துவிட்டு மடித்து வைத்தான்.

படை புறப்பட்டது. முதல் நாள் நடையிலேயே மழை பிடித்துக்கொண்டது. மாலையில் ஒரு புல்வெளியில் நிற்கச் சொன்னார்கள். எல்லாரும் ஜோடி ஜோடியாகப் பொத்தானை மாட்டினார்கள். கூடாரங்கள் காளான்போல முளைத்தன. லைமன் தன் பாதியை ஒரு வேலியில் சாய்த்துக் கட்டி, அதன் கீழ் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தான். மூன்று பக்கமும் சாரல். உள்ளே இருந்து மற்றவர்கள் சிரிக்கிற சத்தம் கேட்டது. கூடாரத்துக்குள்ளிருந்து வரும் சிரிப்பு, மழையில் இருப்பவனுக்கு எப்போதும் தன்னைப் பற்றித்தான் என்று தோன்றும். பெரும்பாலும் அது சரியாகவும் இருக்கும்.

வெளிச்சம் மங்கும் நேரத்தில், தொப்பி விளிம்பிலிருந்து நீர் ஒழுக ஒருவன் வந்து நின்றான். ரூஃபஸ் வீலாக்.

"பெக்கு, இங்க இடம் இருக்கா?"

லைமன் பதறிப்போய் எழுந்ததில் தலை துணியை முட்டி, தேங்கியிருந்த நீரெல்லாம் இருவர் மேலும் கொட்டியது. "வாங்க தம்பி, வாங்க. உங்க மாமா கூடாரம் இருக்குமே?"

"போனேன். 'அதிகாரிகள் கூடாரத்தில் சிப்பாய்க்கு இடமில்லை, விதி' அப்படிங்கிறாரு. ஞானஸ்நானத்துல என்னக் கையில ஏந்தின மனுஷன்!"

"உங்க பாதி?"

"உப்புக்கண்டத்துல இருக்கு."

இரண்டு பேரும் ஒரே பாதியின் கீழ் ஒண்டிக்கொண்டார்கள். ரூஃபஸ் உயரம், முழங்காலுக்குக் கீழே மழையில் கிடந்தது. பிறகு ரூஃபஸ், பல்லெல்லாம் கிடுகிடுக்க, சண்டை பிடிக்கிற குரலில் சொன்னான்.

"அந்த ஓட்டு நான் போட்டது."

லைமன் அவன் பக்கம் திரும்பினான்.

"எனக்கு நானே போட்டுக்கக் கூடாது இல்லையா? டட்டனுக்குப் போட மனசு வரல. வேற யாருக்காவது போட்டா, அவனுக்கு இன்னும் ரெண்டு ஓட்டு வந்து ஜெயிச்சுட்டான்னா? அதான் யோசிச்சேன். எந்தக் காலத்துலயும் ஜெயிக்க மாட்டான்னு நிச்சயமாத் தெரிஞ்ச ஆள் யாருன்னு."

"ஓ" என்றான் லைமன்.

"எனக்கே போட்டிருந்தா முப்பத்தொண்ணு, முப்பத்தொண்ணு. சரிசமம்னா கேப்டன் கைதான் ஓங்கும். மாமா எனக்குப் போட்டிருப்பாரு. ஒரே ஒரு சீட்டு, பெக்கு! மரியாதைக்காரனா நடந்ததுக்கு இந்தக் கூலி!" மூக்கை உறிஞ்சினான். "இத யார்கிட்டயாவது சொன்னே, கொன்னுடுவேன்."

"சொல்ல மாட்டேன் தம்பி."

சூடான உருளைக்கிழங்கு ஆறிப்போனது உண்மைதான். ஆனால் லைமன் கூட்டிக் கழித்துப் பார்த்தான். வாழ்க்கையில் முதல் தடவையாக ஒருவன் அவனிடம் ரகசியம் சொல்லியிருக்கிறான். ஒருவனுடைய முழங்கை அவன் விலாவில் குத்துகிறது. மனிதனுக்கு எல்லாமும் கிடைத்துவிடாது. தன் போர்வையில் பாதியை ரூஃபஸின் கால்மேல் இழுத்துவிட்டான்.

அன்று முதல் தினமும் விடிந்ததும் ஓரின் வந்து எட்டிப் பார்ப்பான். "வீலாக், உசிரோட இருக்கியா?" உள்ளேயிருந்து ரூஃபஸ் கெட்ட வார்த்தை சொல்வான். "இருக்கான்டா!" என்று ஓரின் வெளியே கத்துவான். ரூஃபஸ் எத்தனை நாள் தாங்குவான் என்று பந்தயம் கட்டியவர்களில் பாதிப் பேர் முகம் தொங்கிவிடும்.

ரூஃபஸ் சாகவில்லை. ஒரு சளிகூடப் பிடிக்கவில்லை. லைமனின் ராசியைப் பற்றிய பேச்சு பொய்யாகிப்போனதை ஒருவரும் கவனிக்கவில்லை. பொய்யாகிப்போன பேச்சைக் கவனிக்கும் வழக்கம் யாருக்கும் கிடையாது.

கடைசியில், கோடையில், சண்டையும் வந்தது. சண்டைக்கு இரண்டு நாள் முன்பு கேப்டன் கோல்பர்னுக்கு முட்டியில் வாதம் வந்து அவர் ஊருக்குக் கிளம்பினார். அழுதுகொண்டே விடைபெற்றார். "வெர்மான்ட் உங்களைப் பார்த்துக்கொண்டிருக்கிறது" என்றார். அவரும் வெர்மான்டிலிருந்து பார்ப்பதாக உத்தேசம்.

கோதுமை வயல் ஒன்றில் வைத்து எதிரிகள் அடித்தார்கள். லெஃப்டினன்ட் டட்டன் வாளை உயர்த்தி, "வாங்கடா!" என்று முதல் ஆளாக வேலியைத் தாண்டினான். எல்லாரும் பார்க்க உயரமான ஆள், கையில் பளபளக்கிற வாள். எதிரிக்குக் குறிபார்க்கச் சிரமமே இருக்கவில்லை. அவன் இடத்துக்கு உடனே நியமிக்கப்பட்டவன் மூன்று வாரம் இருந்தான். ஒரு பாலத்தருகே அவனும் போனான், அவனும் வாளோடுதான். கம்பெனியில் இருபத்துச் சொச்சம் பேர்தான் மிஞ்சினார்கள். கோதுமை வயல் சண்டைக்குப் பிறகு பாதிக் கூடாரத்துக்குப் பஞ்சமே இல்லை. சுருட்டியபடி வயலெல்லாம் கிடந்தன. ரூஃபஸ் ஒன்றை எடுத்துக்கொண்டான். அதில் மையால் ஒரு பெயர் எழுதியிருந்தது. அதை உள்பக்கமாக வைத்துப் பொத்தான் மாட்டினார்கள்.

இப்போது அது முழுக் கூடாரம். லைமனுக்கு அந்தக் கோடையும் இலையுதிர் காலத் தொடக்கமும் நன்றாகவே கழிந்தன. சுற்றிலும் செத்தவர்கள், இவன் நன்றாகக் கழித்தான் என்பதை வெளியே சொல்ல முடியாது, ஆனால் அப்படித்தான். ரூஃபஸ் அப்பாவுக்கு எழுதும் கடிதங்களை உரக்கப் படித்துக் காட்டுவான். அவற்றில் ரூஃபஸ் நிறைய வீரச்செயல் செய்வான், லைமன் வர மாட்டான். பரவாயில்லை. "தள்ளிப் படுடா மாடே" என்பான் ரூஃபஸ். "நீ தள்ளு, உன் காலு வர்ஜீனியாவையே அடைக்குது" என்பான் லைமன். 'தம்பி', 'நீங்க' எல்லாம் எந்த நாளில் போயிற்று என்று அவனுக்கே நினைவில்லை. ஒரு முறை தூக்கத்தில் அவன் கோல்பர்ன் பண்ணை மாடுகளைப் பேர்சொல்லிக் கூப்பிட, ரூஃபஸ் அவனை எழுப்பாமல் ஒரு பசுவாக மூன்று தரம் பதில் குரல் கொடுத்தானாம். காலையில் இதைச் சொல்லிச் சிரித்தான். தன்னை வைத்துச் சொன்ன பகடியில் லைமன் சேர்ந்து சிரித்தது அதுதான் முதல்.

அக்டோபரில் கர்னலிடமிருந்து உத்தரவு வந்தது: லெஃப்டினன்ட் இடம் காலி, தேர்ந்தெடுக்கவும்.

கம்பெனி கூடியது. வசந்தத்தில் சீஸும் வெல்லமுமாக முட்டி மோதிய பதவி இப்போது எதிரே வந்து நிற்க, எல்லாரும் தங்கள் பூட்ஸைப் பார்த்தார்கள். லெஃப்டினன்ட் என்றால் வாள். வாள் என்றால் என்ன என்று கோடை முழுக்கப் பார்த்தாயிற்று.

ஓரின்தான் எழுந்தான். "நம்ம வீலாக் இருக்கையில வேற யாரு? படிச்ச புள்ள! தைரியசாலி! பொறந்ததே அதிகாரியா இருக்கத்தான்!"

"ஆமாமா!" "வீலாக்தான்!" "வேற ஆளே இல்ல!" என்று இருபது குரல் ஒரே மூச்சில் எழுந்தது. கழுத்து தப்பியவர்களின் உற்சாகமே தனி.

ரூஃபஸின் கண் கலங்கிவிட்டது. கூடாரத்துக்குத் திரும்பியவன் உட்காரவே இல்லை. "பாத்தியாடா? பாத்தியா? ஒரு சீஸ்கூடக் கிடையாது. அவங்களா சொன்னாங்க. என்னப் புரிஞ்சுக்க இவங்களுக்கு ஒரு போர் தேவைப்பட்டுச்சு."

லைமனுக்கு அவர்கள் எதைப் புரிந்துகொண்டிருந்தார்கள் என்று தெரியும்.

"வேணாம்னு சொல்லிடேன்" என்றான்.

"ஏன்?"

"சும்மாதான். இந்தக் கூடாரம் நல்லாத்தான இருக்கு."

ரூஃபஸ் அவனைப் பார்த்தான். பாசத்தோடுதான் பார்த்தான், வயசான நாயைப் பார்க்கிற பாசம். "பைத்தியக்காரா. என்னிக்கும் இப்படியே இருக்க முடியுமா? சரி, எனக்குத்தான போடுவ?"

"உனக்குத்தான்."

"நான் உனக்குப் போடறேன். போன தடவை போலவே. ஆனா இந்தத் தடவ மனசார. சரியா?"

மறுநாள் காலை சீட்டுக் கொடுத்தார்கள். லைமன் சீட்டை முழங்காலில் வைத்துக்கொண்டு பென்சிலைக் கடித்தான். ரூஃபஸ் பேரை எழுதினால் இன்று மாலையே கூடாரம் பாதியாகிவிடும். அதுகூடப் போகட்டும். டட்டன் வேலிமேல் நின்ற நிற்பு கண்ணில் வந்து வந்து போனது. எழுத மாட்டான். சரி, வேறு யார் பேரை? ஓரின் பேரை எழுதலாமா? நாக்கு நீளம், ஆனால் ஊரில் இரண்டு பெண்குழந்தை. அவன் மச்சான் பென்? பத்தொன்பது வயது. கம்பெனியில் மிஞ்சியவர்களை ஒவ்வொருவராக நினைத்துப் பார்த்தான். யார் பேரை எழுதினாலும் அது அவன் கையில் வாளைக் கொடுத்ததாகிவிடும். எவனும் இவனுக்கு ஒரு நல்லதும் செய்ததில்லை. ஆனாலும் கை வரவில்லை. கடைசியில் ஒரே ஒரு பேர்தான் பாக்கி இருந்தது. ஹார்லோவில் மூன்று தலைமுறைக்குச் சொல்லிக் காட்டும் காரியத்தை லைமன் இடக்கையால் மறைத்துக்கொண்டு எழுதினான்: லைமன் பெக்.

சார்ஜன்ட் காபிச் சட்டியைக் கவிழ்த்து எண்ணினார்.

"ரூஃபஸ் வீலாக், இருபத்திரண்டு. லைமன் பெக், ஒன்று."

கம்பெனி கைதட்டியது. ஓரின் தொப்பியைக் கழற்றி நெஞ்சில் வைத்துக்கொண்டான். "பாத்துக்கங்கடா! இதான் பெரிய எடத்துப் புள்ளைங்கிறது! நாம அத்தன பேரும் அவருக்குப் போட்டா, அவரு கூடப் படுத்தவனுக்குப் போட்டிருக்காரு. என்னா அடக்கம்!"

"அடக்கம்! அடக்கம்!" என்றார்கள்.

ரூஃபஸின் முகத்தில் ஒரு கணம் எதுவோ ஓடியது. பிறகு மெல்லத் தலைகுனிந்து அந்தப் புகழை ஏற்றுக்கொண்டான். லைமன் அவன் முகத்தைப் பார்க்கவில்லை. அவன் தரையில் கிடந்த சீட்டுகளைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

மாலையில் ரூஃபஸ் சாமான் எடுக்க வந்தான். தோளில் புதுப் பட்டை; இடுப்பில் வாள் காலில் தட்டித் தட்டி நடையைக் கெடுத்தது. வந்தவன் நேரே கூடாரத்தின் உச்சியிலிருந்து ஒவ்வொரு பொத்தானாகக் கழற்றினான். அனுபவப்பட்டவன், இந்தத் தடவை தன் பாதியை விட்டுவிட்டுப் போவதாக இல்லை. லைமன் கம்பு விழாமல் பிடித்துக்கொண்டான். தன் பாதி காற்றில் படபடத்து அவன் முகத்தில் அடித்தது.

"அப்ப வர்றேன் லைமன்."

"சரிங்க சார்."

'சார் என்னடா சார்' என்று ரூஃபஸ் சொல்லக்கூடும் என்று லைமன் கொஞ்சம் காத்திருந்தான். ரூஃபஸ் துணியைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்துக்கொண்டான். இரண்டு அடி போய்த் திரும்பினான்.

"நீ எனக்குத்தான போட்ட?"

"ஆமாங்க சார்."

"நானும் சொன்னபடி உனக்குத்தான் போட்டேன்."

"தெரியும் சார். ரொம்ப நன்றி."

இருவரும் கை குலுக்கிக்கொண்டார்கள். சட்டியில் லைமன் பேருக்கு இருந்தது ஒரே சீட்டு.